பெகோஞாவின் கட்டைவிரல்

"எகுன் ஒன்," என்றார் இயர்போன் வழியாகக் காதுக்குள் பாஷை வாத்தியார். "எகுன் ஒன்," என்றாள் தெக்கிளா, கையில் விளைமீனோடு. எகுன் ஒன் என்றால் காலை வணக்கம் என்று மகள் பிரிஸ்கா சொல்லியிருக்கிறாள். தூத்துக்குடியில் இந்தப் புறவாசலில் மத்தியானச் சாப்பாடு முடிந்து குழாயடிச் சிமெண்டுத் தரை கால் வைக்க முடியாமல் கொதிக்கிறது. அதனால் என்ன, அங்கே பாஸ்க் நாட்டுப் பெர்மேயோவில் இப்போது காலைதானே. ஆக்னல் எழுந்து குளித்திருப்பான், முகம் மழித்திருப்பான், அவசரத்தில் எப்போதும்போல் காதுக்குப் பக்கத்தில் கொஞ்சம் விட்டிருப்பான். இன்றைக்காவது கண்ணாடியைச் சரியாகப் பாருடா, இன்றைக்கு உனக்குக் கல்யாணம். மீனின் வாலைப் பிடித்துக்கொண்டு தலைப்பக்கமாகக் கத்தியால் உரசினாள். செதில் தெறித்தது, மூக்கில் ஒன்று, சேலையில் நாலைந்து, குழாய்த் தண்ணீரில் விழுந்தவை சின்னச் சின்ன நகம்போல் மினுங்கிக்கொண்டு ஓடின. அர்ராய்னா. மீனுக்கு அங்கே அர்ராய்னா. முதல் தடவை கேட்டபோதே பிடித்துவிட்டது, நாக்கை உருட்டி விடுகிற இடத்தில் வலையைச் சுருட்டி எறிகிற மாதிரி ஒரு சுகம். மகனுக்குக் கல்யாணம், அம்மா புறவாசலில் அர்ராய்னா கழுவுகிறாள். சிரிப்பு வந்தது. அழுகையும் வந்திருக்க வேண்டும், காலையில் வந்தது, இப்போது காணோம். விசா வரவில்லை. வரவில்லை என்றால் வரவில்லை, அதற்கு யாரைப் போய்க் கேட்க. மாதாவுக்குத் தெரியும், மாதாவும் மகனுடைய காரியத்துக்கெல்லாம் பக்கத்திலா நின்றாள், தள்ளி நின்று பார்த்ததுதான் பாதி. தள்ளி நிற்கிறதையும் ஒரு ஊழியமாக எடுத்துக்கொள்ளலாம். எல்லாவற்றையும் தள்ளி நின்று செய்துவிடலாம், ஒன்றைத் தவிர. நெற்றியில் போடுகிற சிலுவையைத் தள்ளி நின்று போட முடியாது. அதற்குக் கட்டைவிரல் வேண்டும், பக்கத்தில் வேண்டும்.

"என்ட்சுன்," என்றார் வாத்தியார். கொஞ்சம் இடைவெளி. "செர் மொதுஸ்?" பிறகு பாடத்தில் பதில் சொல்கிற அக்கா குரல், பால் காய்ச்சி ஆறவைத்த மாதிரி ஒரு குரல்: "ஒண்டோ, எஸ்கெர்ரிக் அஸ்கோ." வாத்தியார்: "எர்ரெப்பிகாட்டு." திருப்பிச் சொல்ல வேண்டுமாம். தெக்கிளா அக்காவோடு சேர்ந்துகொண்டு, "ஒண்டோ, எஸ்கெர்ரிக் அஸ்கோ," என்றாள். சுகமாயிருக்கிறேன், ரொம்ப நன்றி. ஆமாம், சுகமாய்த்தான் இருக்கிறேன். முன்வாசலிலிருந்து புருஷன் கஸ்பார், "என்ன பிள்ள, உன் பாஸ்க்குக்காரன் என்ன சொல்லுதான், கல்யாணத்துக்கு வாரானாமா?" என்று சத்தம் போட்டார். அவருக்குக் கால் ஆபரேஷன் ஆனதிலிருந்து நாற்காலியும் வாயும்தான். "நீங்க சுகமான்னு கேக்கான்," என்றாள். "சுகம்னு சொல்லு. கல்யாண வீட்டுல ஒரு டீக்கு வழியில்லன்னும் சொல்லு." டீ போடணும். மீனை முடித்துவிட்டு. சம்பந்தி வீட்டில் டீ குடிக்க மாட்டார்களாம், காப்பிதானாம், தண்ணீர் குடிக்கிற மாதிரி காப்பி என்று ஆக்னல் சொன்னான். தண்ணீருக்கு உரா. உரா நாய் துத், எனக்குத் தண்ணீர் வேண்டும். இதைக் கேட்டு பிரிஸ்கா படியில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாளே, "எம்மா, தண்ணி கேக்கதுக்கு எதுக்கும்மா நாயக் கூப்பிடுத?" எஸ் என்றால் இல்லை, பை என்றால் ஆமாம். எல்லாம் திருப்பிப் போட்ட சேலை மாதிரி. ஆனால் அம்மாவுக்கு அமா. அது மட்டும் மாறவில்லை. அதைக் கேட்ட அன்றைக்குத்தான், எட்டாம் வகுப்போடு புத்தகத்தைக் கட்டி வைத்தவள், இதைப் படித்துவிடலாம் என்று தைரியமாக நினைத்தாள். படிக்க எழுத்து வேண்டாம், காது போதும் என்று ஆக்னல் இந்தப் பாடங்களை அனுப்பி வைத்தான். "சும்மா கேட்டுக்கிட்டே இரும்மா, வேலை செய்யும்போது." கேட்டுக்கொண்டே இருந்தாள். அரிசி களையும்போது, கஸ்பாரின் காலுக்கு எண்ணெய் தேய்க்கும்போது, கோவில் பீடத் துணிக்குக் கஞ்சி போடும்போது. மழைக்காலத்தில் தொடங்கிய பாடம், வெயில் வந்தும் ஓடிக்கொண்டிருக்கிறது.

சவேரியாரே, என்று அவள் அடிக்கடி அவரையும் இழுத்துக்கொள்வாள். சவேரியாருக்குச் சொந்த ஊர் அந்தப் பக்கம்தானாம், அவர் வீட்டில் பேசின பாஷை இதுதானாம், சாமியார் ஒரு டிசம்பர் திருநாளில் பிரசங்கம் வைத்தபோது சொன்னார். இந்தக் கரைக்கு வந்து தமிழ் தெரியாமல், செபங்களைப் பிறரிடம் கேட்டுக் கேட்டு மனப்பாடம் பண்ணி, மணலில் நின்று சொல்லிக்கொடுத்தாராம். நம்முடைய முப்பாட்டன் முப்பாட்டிகள் வாய்க்குள் சிரித்திருப்பார்கள், சாமி உச்சரிப்பைக் கேட்டு. சிரித்துக்கொண்டே முழந்தாளிட்டிருப்பார்கள். இப்போது என் முறை சவேரியாரே, உம்முடைய ஊர்க்காரர்கள் என்னைப் பார்த்துச் சிரிக்கட்டும். மீனின் குடலை உருவி எடுத்தாள். பூனை மதில்மேல் வந்து உட்கார்ந்து, வேண்டும் என்றும் சொல்லாமல் வேண்டாம் என்றும் சொல்லாமல் பார்த்தது. உனக்கும் கல்யாணச் சாப்பாடு, பொறு. ஆனால் சவேரியார் கேள்வியும் படித்தார், பதிலும் படித்தார். நான்? இங்கே வந்து நினைப்பு முள்ளில் மாட்டின நூல்போல் நின்றது. காலையிலிருந்து நாலைந்து தடவை நின்றுவிட்டது. காலையில் பிரிஸ்கா வேலைக்கு லீவு போட்டுவிட்டு, தலைக்குக் குளித்து ஈரத்தோடு வந்து, "எம்மா, ஒரு ஒத்திகை பாப்போம். நான்தான் சம்பந்தியம்மா. நீ என்கிட்ட கேளு," என்றாள். "என்ன கேக்க?" "சுகமான்னு கேளு." தெக்கிளா வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. பிரிஸ்கா "செர் மொதுஸ்" என்றவுடன் "ஒண்டோ எஸ்கெர்ரிக் அஸ்கோ" என்று பட்டென்று வந்தது. பேர் என்ன என்று கேட்டால் பேர் வந்தது. எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டால், "பில்போன் பிசி நாய்ஸ்," நான் பில்பாவோவில் இருக்கிறேன். ஆனால் தானாக ஒரு கேள்வி, ஒன்றே ஒன்று, வரவேயில்லை. பிரிஸ்கா தலையில் துண்டோடு அப்படியே நின்றாள். "எம்மா! இத்தனை நாளும் பதிலை மட்டுமா படிச்ச?"

ஆமாம். பதிலை மட்டும்தான். அவளுக்கே அப்போதுதான் தெரிந்தது. செபமாலை மாதிரி. ஒருத்தர் முதல் பாதியைச் சொன்னால் மற்றவர்கள் இரண்டாம் பாதியைச் சொல்ல வேண்டும், பிறந்ததிலிருந்து அவள் இரண்டாம் பாதிக்காரி. அம்மா முன்னால் சொல்வாள், அவள் பின்னால். பிறகு மாமியார் முன்னால். பிறகு அன்பியக் கூட்டத்தில், வாரம் ஒரு வீடு, பாயில் வட்டமாக உட்கார்ந்து ஆளுக்குச் செபமாலையில் பத்து மணி முன்னால் சொல்லிக்கொண்டு வருவார்கள். அவள் முறை வந்தால் பக்கத்தில் இருக்கிற மர்சலீனாவின் முட்டியில் இலேசாகத் தட்டுவாள், மர்சலீனா எடுத்துக்கொள்வாள். யாரும் ஒன்றும் சொன்னதில்லை. தெக்கிளா முன்னால் சொல்ல மாட்டாள், அது ஊருக்குத் தெரிந்த விஷயம், இன்ன வீட்டு மாடிப்படி கொஞ்சம் ஆடும் என்கிற மாதிரி. சத்தமில்லாத ஒரு அறையில் முதல் வார்த்தையைப் போட வேண்டும் என்றாலே அவளுக்குத் தொண்டை மூடிக்கொள்ளும். இன்னொருத்தர் போட்டுவிட்டால் போதும், பின்னாலேயே போய்விடுவாள், வானத்துக்கும் போய்விடுவாள். அப்படியேதான் இதையும் படித்திருக்கிறாள். வாத்தியார் குரல் முன்னால், அக்கா குரலோடு இவள் பின்னால். கேள்வி அவருடையது, அதை இவள் ஏன் தொடணும்? மாதக்கணக்காகத் தூத்துக்குடியில் மீன் கழுவிக்கொண்டு, கேட்கிறவருக்கெல்லாம் நான் பில்பாவோவில் இருக்கிறேன் என்று பதில் சொல்லியிருக்கிறாள். இதை நினைத்ததும் கவலைக்கு நடுவில் குபுக்கென்று சிரிப்பு வந்துவிட்டது, பூனை பயந்து ஒரு அடி தள்ளி உட்கார்ந்தது. சிரிப்பு போனதும் கவலை இருந்த இடத்திலேயே இருந்தது. ஏனென்றால் இன்றைக்குப் பதில் போதாது. இன்றைக்குச் சம்பந்தியம்மாவிடம் ஒன்று கேட்க வேண்டும். பெகோஞா, நான் அங்கே இல்லை, என் மகன் வீட்டை விட்டுக் கோவிலுக்குக் கிளம்புமுன் எனக்குப் பதிலாக அவன் நெற்றியில் உங்கள் கட்டைவிரலால் ஒரு சிலுவை போட்டு அனுப்புங்கள். இவ்வளவுதான். தமிழில் ஒரு மூச்சு. பிரிஸ்கா போனில் அதை அந்தப் பாஷைக்கு மாற்றிக் காட்டினாள், ரயில் மாதிரி நீளமாக வந்தது, இவள் முதல் பெட்டியில் ஏறுவதற்குள் கடைசிப் பெட்டி போய்விட்டது.

"அண்ணன்கிட்ட தமிழ்ல சொல்லு, அவன் அவங்ககிட்ட சொல்லிட்டுப் போறான்," என்றாள் பிரிஸ்கா. சொல்லலாம். ஆனால் நெற்றியைக் காட்டுகிறவனே போய், எனக்குப் போடச் சொல்லி அம்மா சொன்னாங்க என்று நிற்பானா? அது கேட்டு வாங்கினதாகப் போய்விடும். ஒரு அம்மா இன்னொரு அம்மாவிடம் நேராகக் கேட்க வேண்டிய காரியம். அதோடு அவனைத் தெரியாதா, "அதெல்லாம் இங்க பழக்கமில்லம்மா, விடு," என்று சொல்லிவிடுவான், கூச்சம், அம்மாவைப் போல. அங்கே கோவிலுக்கே வயசாளிகள்தான் போகிறார்களாம், இவன் பிடிவாதமாய்க் கேட்டதால்தான் கோவிலில் கல்யாணம். சிலுவை போடாமல் போனால் என்ன? ஒன்றும் இல்லை. சாமியாரிடம் கேட்டால் அதுதான் சொல்வார், சிரிப்பார். ஆசீர்வாதம் கடவுள் தருவது, தெக்கிளாவின் விரலில் இல்லை. தெரியும் சாமி. ஆனால் அவன் பள்ளிக்கூடத்துக்குப் போன முதல் நாளிலிருந்து இந்த விரல் தொடாமல் அவன் வாசல் தாண்டினதில்லை. காய்ச்சலில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனபோதுகூட. முதல் முதல் கப்பலுக்குப் போன அன்று ஆட்டோக்காரன் சீக்கிரமே வந்து ஹாரன் அடித்து அடித்து, அவள் அடுக்களையில் பணியாரத்துக்கு மாவு கரைத்துக்கொண்டிருந்தவள், வந்து பார்த்தால் ஆட்டோ முனை திரும்பிக்கொண்டிருக்கிறது. ஓடினாள். முப்பது வருஷமாக ஓடாதவள் சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, டேய் ஆக்னல் நில்லுடா என்று தெருவே பார்க்க ஓடினாள். ஆட்டோ நின்றது, அவன் தலையை வெளியே நீட்டினான், மாவுக் கையோடு நெற்றியில் போட்டாள். துறைமுகம் வரைக்கும் வெள்ளைச் சிலுவையோடு போனானாம், துடைக்கவில்லையாம், கூட வந்த பையன்கள் பாதிரியார் பாதிரியார் என்று கூப்பிட்டார்களாம். அந்த மாவு காய்ந்து உதிர்ந்து எந்தக் கடலில் விழுந்ததோ, அந்தக் கடல்தான் அவனைப் பெர்மேயோவில் கொண்டுபோய் விட்டது, சூரைமீன் படகில் எஞ்சின் பார்க்க. அங்கேதான் துறைமுகத்துக் கடையில் நெரேயாவைக் கண்டான். நல்ல பெண். சிரித்தால் ஈறு தெரிகிறது. ஈறு தெரியச் சிரிக்கிறவர்கள் மனசில் வைத்துக்கொள்ளத் தெரியாதவர்கள்.

மீனைத் துண்டு போட்டாள். அரிவாள்மனையில் முதுகெலும்பு நறுக்கென்றது. குழம்புக்கு இவ்வளவு, பொரிக்க இவ்வளவு, தலை கஸ்பாருக்கு. சாயங்காலம் அன்பியத்துக்காரர்கள் வருகிறார்கள், பிரிஸ்கா தன் போனில் போட்டுக்காட்டுகிற கல்யாணத்தைப் பார்த்துக்கொண்டே சாப்பாடு. நாலு மணிக்குக் கூப்பிடுகிறேன் என்றிருக்கிறான் ஆக்னல், கிளம்புவதற்கு முன்னால். அதற்குள் குழம்பை இறக்கிவிட்டுக் குளித்து, அரக்குப் பட்டைக் கட்டிக்கொண்டு, சம்பந்தி முன்னால் சம்பந்தியாக உட்கார வேண்டும். கேள்வி எங்கேயாவது கிடைக்காதா, மாதாவே, பாடத்தில் எங்கேயாவது இருக்கும், நான்தான் கேட்காமல் விட்டிருப்பேன். "என்ட்சுன்," என்றார் வாத்தியார். காதைத் தீட்டிக்கொண்டாள், இந்தத் தடவை பதிலை விட்டுவிடுவோம், கேள்வியைப் பிடிப்போம். "நோலா துசு இசேனா?" பேர் என்ன. பேர் எதுக்கு இப்போது. "எர்ரெப்பிகாட்டு." "நோலா துசு..." என்று தொடங்கினாள், பழக்கதோஷம், நாக்கு தானாக வழுக்கி, "நிரே இசேனா தெக்கிளா தா," என்று பதிலில் போய் விழுந்தது. மறுபடி. மறுபடியும் பதில். மாட்டு வண்டி வீட்டுப் பக்கமே திரும்புகிறது. "பெர்ரிரோ," மறுபடியும் சொல்லு, என்றார் வாத்தியார் பொறுமையாக, அவருக்குக் கோபமே வராது. பிறகு அவர் கடைசியில் சொல்வது, ஒவ்வொரு பாடத்துக்கும் சொல்வது, அவளுக்கென்றே தனியாகச் சொல்கிறார் என்று அவள் ரகசியமாக வைத்திருப்பது, "ஒசோ ஒண்டோ!" ரொம்ப நல்லது. பள்ளிக்கூடத்தில் ஒரு வாத்தியாரும் அவளிடம் சொல்லாதது. ஒசோ ஒண்டோ எங்கே, ஒன்றும் நல்லதில்லை வாத்தியாரே, நான் ஒரு கேள்விக்கு வக்கில்லாமல் உட்கார்ந்திருக்கிறேன். அப்போது வாத்தியார் பாதி வார்த்தையில் நின்றுபோய்க் காதுக்குள் மணி அடித்தது. தன் போனில் அண்ணன் அனுப்பின செய்தியைப் பார்த்துவிட்டு உள்ளேயிருந்து பிரிஸ்கா, "எம்மா! அண்ணன்! வீடியோ! இப்பவே கூப்பிடுதான்!" என்று கத்திக்கொண்டு ஓடிவந்து அவள் மடியிலிருந்த போனைப் பிடுங்கினாள்.

அங்கே கார் சீக்கிரம் வந்துவிட்டதாம். எப்போதும் வண்டி சீக்கிரம்தான், இவனுக்கு. தெக்கிளா கையைக் குழாயில் காட்டி, சோப்புப் போட்டு, சேலையில் துடைத்து, பட்டும் இல்லை பவுடரும் இல்லை, நெற்றியில் வேர்வையோடு முன்வாசலுக்கு வந்தாள். கஸ்பார் நாற்காலியை இழுத்துக்கொண்டு போனுக்குள் தலையை விட்டிருந்தார். "டேய், கோட்டு போட்டா ஆளே அடையாளம் தெரியல," என்றார், உடனே, "ராசா மாதிரி இருக்க," என்றார். ஆக்னல் சிரித்தான். காதுக்குப் பக்கத்தில் மழிக்காமல் விட்டிருந்தான். "அம்மா, ரெண்டு நிமிஷம்தான், எல்லாரும் கீழ நிக்காங்க. இந்தா, அத்த பேசணும்ங்காங்க." திரை ஆடியது, ஒரு ஜன்னல், ஜன்னலுக்கு வெளியே துறைமுகம், பச்சையும் சிவப்புமாகப் படகுகள், பிறகு ஒரு முகம். நீலச் சட்டை, குட்டையாக வெட்டின நரைமுடி, காதில் முத்து. இவளை மாதிரியே அந்த முகமும் வேர்த்திருந்தது. இவளை மாதிரியே எதையோ மனப்பாடம் பண்ணிக்கொண்டு வந்திருக்கிற முகம். "கைஷோ, தெக்லா! செர் மொதுஸ்?" "ஒண்டோ, எஸ்கெர்ரிக் அஸ்கோ!" இடைவெளியே விடாமல் பாய்ந்து விழுந்தது. அங்கே பின்னால் யாரோ கை தட்டினார்கள். பெகோஞா கண்ணை அகல விரித்து, நெஞ்சில் கையை வைத்து, மடமடவென்று என்னவோ கொட்டினாள், அதில் அமா என்பது ஒன்று புரிந்தது, இட்சாசோவா, கடல், அது ஒன்று புரிந்தது, மற்றதெல்லாம் மழை. மழை நின்றது. பெகோஞா காத்திருந்தாள். இப்போது இவள் முறை.

பிரிஸ்கா முதுகில் இலேசாகத் தட்டினாள். மர்சலீனாவின் முட்டியை இவள் தட்டுகிற அதே மாதிரி. தட்டுவதற்கு இவளுக்கு யாரும் இல்லை.  கீழே ஹாரன் கேட்டது, பெர்மேயோவில் அடித்தது இங்கே கேட்டது. "அம்மா, நேரமாச்சு," என்றான் ஆக்னல், ஓரத்தில் பாதி முகமாக, வாசலைப் பார்த்துக்கொண்டு. மாதாவே, கேள்வி இல்லை, என்னிடம் கேள்வி இல்லை, இருக்கிறதெல்லாம் பதில். பதிலுக்கு முன்னால் வருகிறது ஒன்றுகூடவா என்னிடம் இல்லை. முன்னால் என்ன வரும். எந்தப் பாடமானாலும், கேள்விக்கும் பதிலுக்கும் முன்னால், எல்லாவற்றுக்கும் முன்னால் வாத்தியார் என்ன சொல்வார். அது பாடத்தில் சேர்த்தி இல்லை, அதற்கு அவள் பிரிஸ்காவிடம் அர்த்தம்கூடக் கேட்டதில்லை, கோவிலில் மணி அடித்தால் முழந்தாளிடுகிற மாதிரி அது காதில் விழுந்தால் அவள் காதைக் கொடுப்பாள், வாயைக் கொடுப்பாள். எல்லாவற்றையும்விட அதிகம் தடவை கேட்டது அதைத்தான்.

"பெகோஞா," என்றாள் தெக்கிளா. "என்ட்சுன்."

கேளுங்கள். அந்தப் பக்கம் சத்தமெல்லாம் அடங்கிப்போனது. ஹாரன்கூட. சத்தமில்லாத ஒரு அறை, அதில் முதல் வார்த்தையை அவள் போட்டிருந்தாள், தொண்டை திறந்தே இருந்தது. வலது கையைத் தூக்கிக் கட்டைவிரலைக் காட்டினாள். ஆக்னலைக் காட்டினாள். தன் நெற்றியைக் காட்டினாள். பெகோஞா விரலையும் அவனையும் மாறி மாறிப் பார்த்தாள், பிறகு முகம் மெல்ல விரிந்தது. அவன் கோட்டுக் கையைப் பிடித்து இழுத்தாள். "அம்மா, என்னம்மா நீ," என்று ஆக்னல் தொடங்கினான், முடிக்கவில்லை, அவ்வளவு உயரமானவன் குனிந்தான்.

"எர்ரெப்பிகாட்டு," என்றாள் தெக்கிளா. "பிதா."

"பிதா," என்றாள் பெகோஞா. கட்டைவிரல் நெற்றியின் மேலே தொட்டது.

"சுதன்."

"சுதான்." விரல் இறங்கியது.

"பரிசுத்த ஆவியின்."

"பரி... பரிசூ..." பெகோஞா விழித்தாள். விரல் அவன் நெற்றியில் பாதி வழியில் நின்றது.

"பெர்ரிரோ," என்றாள் தெக்கிளா பொறுமையாக. அந்தப் பக்கம் வீடே சிரித்தது, குனிந்த தலையோடு ஆக்னலும் குலுங்கிச் சிரித்தான், கஸ்பார், "வாத்திச்சி விட மாட்டா!" என்று நாற்காலியைத் தட்டினார். "பரி. சுத்த. ஆவியின்."

"பரி. சுத்த. ஆவியின்."

"பெயராலே."

"பெயராலே." குறுக்குக் கோடு இடமிருந்து வலமாகப் போய் முடிந்தது. ஆமென் மட்டும் யாரும் முன்னால் சொல்லவில்லை, யாரும் பின்னால் சொல்லவில்லை, இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள்.

ஆக்னல் நிமிர்ந்தான். கண்ணைப் புறங்கையால் துடைத்தான், நெற்றியைத் தொடவில்லை. பெகோஞா போகவில்லை. உள்ளே திரும்பிக் கூப்பிட்டு, வெள்ளை உடுப்பில் நெரேயாவை இழுத்துக்கொண்டு வந்து நிறுத்தினாள், தன் மகளின் நெற்றிக்கு நேரே கட்டைவிரலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, திரையில் இவளைப் பார்த்துக் கேட்டாள்: "பெர்ரிரோ?"

"பை!" என்றாள் தெக்கிளா. "பை, பை!"

மறுபடியும் செய்தார்கள். இந்தத் தடவை பெகோஞா காத்திருக்காமல் தானே "பிதா" என்று தொடங்கிவிட்டாள், பின்னால் சொன்னது தெக்கிளா. ஆவியில் கொஞ்சம் இடறியது, இடறினால் என்ன, இந்தக் கரையில் ஒரு காலத்தில் எத்தனை இடறலைக் கேட்டுக் கேட்டுத்தான் நாம் கற்றுக்கொண்டோம். நெரேயா ஈறு தெரியச் சிரித்தாள். கீழே ஹாரன் மறுபடி அடிக்க ஆரம்பித்தது. போனை யாரோ வாங்கினார்கள், கூரை தெரிந்தது, படிக்கட்டு தெரிந்தது, தட தடவென்று இறங்குகிற கால்கள், அதற்குள் தெக்கிளா போனுக்கு மிக அருகில் குனிந்து, தன்னிடமிருந்த மிக நல்ல வார்த்தையை, ரகசியமாக வைத்திருந்ததை எடுத்து, சம்பந்திக்குக் கேட்கும்படி உரக்கச் சொன்னாள். "ஒசோ ஒண்டோ, பெகோஞா! ஒசோ ஒண்டோ!"

திரை அணைந்தது. பிரிஸ்கா மூக்கை உறிஞ்சிக்கொண்டே அம்மாவின் கையைப் பிடித்தவள், "எம்மா, கையைக்கூட ஒழுங்காக் கழுவல," என்றாள். கட்டைவிரலில் ஒரு மீன் செதில் ஒட்டிக்கொண்டிருந்தது, வெயிலில் மினுங்கியது. தெக்கிளா அதைத் தட்டிவிடாமல் கொஞ்ச நேரம் பார்த்தாள். "பெர்மேயோக்காரிக்கு மீன் வாடை தெரியாதாக்கும்," என்றாள். "போடி, அப்பாவுக்கு டீ போடு. ராத்திரி செபமாலைக்கு நான்தான் முன்னால் சொல்லப்போறேன்னு மர்சலீனாட்ட சொல்லிரு."